கூடத்துச் சுவரில் ஒரு கண்

சுப்ஹு வக்து நெருங்கும் நேரம். ஷார்ஜாவில் ஒரே அறையில் அறுவர் உறங்கிக்கொண்டிருப்பார்கள். போர்வையைத் தலைவரை இழுத்துவிட்டுக்கொண்டு, கைபேசியின் வெளிச்சம் பக்கத்துக் கட்டிலுக்குத் தெரியாதபடி, இராஜபாளையத்தில் உள்ள எங்கள் வீட்டுக் கூடத்தை நான் பார்த்துக்கொண்டிருப்பேன். அங்கே மணி மூன்றரை என்றால் இங்கே ஐந்து. இருட்டில் அந்தக் கேமரா எதையும் சாம்பல் நிறமாகவே காட்டும். சாம்பல் நிறச் சுவர், சாம்பல் நிறப் பாய், வெள்ளைத் துப்பட்டியைப் போர்த்திக்கொண்டு முஸல்லாவில் அமர்ந்திருக்கும் என் தாயார். தஸ்பீஹ் உருட்டும் விரல்கள் தெரியா. தலை மெல்ல அசைவது மட்டும் தெரியும். அந்த அசைவைக் கண்டுவிட்டால் அன்றைய பொழுது எனக்கு நிம்மதியாக விடிந்துவிடும்.

இதை ஒரு பெருமையாகவே பல ஆண்டுகள் நான் சொல்லித் திரிந்தேன். "கடல் கடந்து இருந்தாலும் தாயை ஒருநாளும் பார்க்காமல் இருந்ததில்லை" என்று நண்பர்களிடம் மார்தட்டிக்கொண்டதும் உண்டு. அதே செய்தியை இன்று வேறு விதமாக எழுத வேண்டியிருக்கிறது.

அத்தா இராஜபாளையத்து நூற்பாலை ஒன்றில் முப்பத்து நான்கு ஆண்டுகள் வேலை பார்த்தவர். ஆலைச் சங்கு ஊதுவதைக் கேட்டுத்தான் அம்மா உலை வைத்ததும் வடித்ததும். 2016-ஆம் ஆண்டு அத்தா மௌத்தானார்கள். அக்காவை மதுரையில் கட்டிக்கொடுத்திருந்தோம். தம்பி மனைவி மக்களோடு சென்னையில். நானோ ஷார்ஜாவில் ஒரு சரக்கு அனுப்பும் அலுவலகத்தில். எங்களோடு வந்து இருக்கும்படி எத்தனையோ முறை அழைத்தும் அம்மா அசையவில்லை. சஞ்சீவி மலையைப் பார்க்காமல் கண் விழிக்கத் தெரியாது என்பார்கள். அது சாக்கு, அத்தாவின் கபுரை விட்டு வர மனமில்லை என்பதே உண்மை.

2018-இல் எங்கள் தெருவில் ஒரு வீட்டில் பட்டப்பகலில் திருட்டு நடந்தது. அடுத்த வாரமே, பிள்ளைகள் மூவரும் கலந்து பேசி, கூடத்தின் மூலையில் ஒரு கேமராவைப் பொருத்தச் செய்தோம். அம்மாவிடம் சொன்னோம், கேட்கவில்லை. இந்த இரண்டு சொற்களுக்கும் இடையே உள்ள தூரம் அன்று எனக்குப் புலப்படவில்லை. பொருத்த வந்த பையனிடம் அம்மா கேட்டார்களாம்: "இது எப்பத் தம்பி தூங்கும்?" அவன் சிரித்துக்கொண்டே, "இது தூங்காதும்மா" என்றிருக்கிறான். "தூங்காதவன் ஒருத்தன் ஏற்கெனவே இருக்கானேப்பா" என்று சொல்லிவிட்டு அம்மா உள்ளே போய்விட்டார்களாம். பையன் இதை என்னிடம் வேடிக்கையாகச் சொன்னான். நானும் வேடிக்கையாகவே கேட்டுக்கொண்டேன்.

காவலுக்குப் பேர் போன ஊர் எங்களுடையது. உடல் முழுதும் வெண்மையும் மூக்கில் இளஞ்சிவப்புமாக நிற்கும் இராஜபாளையம் நாயை அறியாதவர் இலர். 2005-இல் அதற்கு இந்திய அஞ்சல் துறை தபால்தலையே வெளியிட்டது. அந்த நாய் வாசலில் படுத்து, முகத்தைத் தெருப்பக்கம் வைத்திருக்கும். காவல் என்றால் அதுதான். வீட்டைப் பார்க்கத் திரும்பி உட்கார்ந்துகொண்டு, வீட்டுக்காரி என்ன சாப்பிடுகிறாள் என்று ஒரு நாய் நோக்கிக்கொண்டிருந்தால் நாம் அதனை என்ன சொல்வோம்?

வீட்டுக் கேமராவின் வரலாறும் வாசலில்தான் தொடங்கியது. நியூயார்க்கின் குவீன்ஸ் பகுதியில் மேரி வான் பிரிட்டன் பிரவுன் என்னும் கறுப்பினச் செவிலியர் ஒருவர் வாழ்ந்தார். அவருக்கும் மின்னணுத் தொழில்நுட்பம் அறிந்த அவர் கணவருக்கும் வேலை நேரம் ஒத்துவராது. இரவில் தனித்திருக்கும்போது கதவு தட்டப்பட்டால் அச்சம். எனவே கதவில் வெவ்வேறு உயரங்களில் துளைகள் இட்டு, அவற்றின் பின்னே ஏறி இறங்கும் ஒரு கேமராவை வைத்து, வந்திருப்பவரின் உருவத்தை உள்ளறைத் தொலைக்காட்சிப் பெட்டியில் காணும் ஏற்பாட்டை இருவரும் வகுத்தனர். 1966-இல் விண்ணப்பித்து 1969-இல் அதற்குக் காப்புரிமையும் பெற்றனர். உள்ளே இருக்கும் பெண் வெளியே நிற்பவரைப் பார்ப்பதற்காகப் பிறந்த கருவி அது. வெளியே இருப்பவன் உள்ளே இருக்கும் பெண்ணைப் பார்ப்பதற்கு அதனைத் திருப்பி வைத்தவர்கள் நம்மைப் போன்றவர்களே.

உடனே கேமராவே கூடாது என்று நான் சொல்ல வருவதாக எண்ணிவிட வேண்டாம். 2020-ஆம் ஆண்டு ரமளானை நினைத்தால் இன்றும் அந்தக் கருவிக்கு நன்றி சொல்லத் தோன்றுகிறது. விமானம் இல்லை. பள்ளிவாசல்கள் பூட்டிக் கிடந்தன. நான் இருந்த நாட்டில் வாட்ஸ்அப் வழியாகக் குரலில் பேசவும் தடை. அம்மா தனியாக உட்கார்ந்து, ஒரு பேரீச்சம்பழத்தை வாயில் வைத்து நோன்பு திறப்பதைப் பார்த்துக்கொண்டே, ஒன்றரை மணி நேரத்துக்கும் மேல் கழித்து என் நோன்பை நான் திறப்பேன். அந்தத் தொற்றுக் காலத்தில் பக்கத்து அறையில் இருந்த திருநெல்வேலிக்காரர் ஒருவர் தம் தாயாரின் ஜனாஸாவைக் கைபேசியில்தான் கண்டார். அந்த நாள்களில் கேமராவைப் பழித்திருந்தால் நான் நன்றி கெட்டவன்.

கோளாறு, நான் ஊர் திரும்பிய பிறகே தொடங்கியது.

2021-இல் வேலையை முடித்துக்கொண்டு வந்தேன். மனைவியின் ஊர் ஸ்ரீவில்லிபுத்தூர். பிள்ளைகளின் படிப்பும் அங்கே. ஆகவே தேரடிக்கு அருகில் ஒரு சிறிய எழுதுபொருள் கடையைப் போட்டுக்கொண்டு அங்கேயே குடியிருந்தேன். இராஜபாளையத்துக்குப் பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். ஒரு பேருந்து போனால் அடுத்த பேருந்து கண்ணுக்குத் தெரியும். அரை மணியில் அம்மாவின் வாசலில் நிற்கலாம். ஷார்ஜாவில் இருந்தபோது இந்தத் தூரத்துக்காக எவ்வளவு ஏங்கியிருப்பேன்!

அன்பு வாசகர்களே, வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். முதல் மாதம் நாள்தோறும் போனேன். பிறகு வாரம் இரு முறை. பிறகு ஜும்ஆவுக்குப் பின் ஒரு முறை. பிறகு அதுவும் தவறியது. ஏனென்றால், நான்தான் அம்மாவைப் பார்த்துக்கொண்டிருக்கிறேனே! கல்லாவில் உட்கார்ந்தபடி நாளொன்றுக்குப் பத்து முறை, பதினைந்து முறை. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கணினிக்கூடத்தில் 1991-இல் ஒரு காபிக் குடுவைக்கு எதிரே கேமரா வைத்தார்களாம். குடுவையில் காபி இருக்கிறதா, தீர்ந்துவிட்டதா என்று எழுந்து போகாமலே அறிவதற்காக. இணையத்தில் நேரடிக் காட்சி காட்டிய கேமராக்களுக்கு அதுவே முன்னோடி என்பார்கள். நடையை மிச்சம் பிடிக்க வந்த பொருள், அதே வேலையை என்னிடமும் செவ்வனே செய்தது. நான் என் தாயைக் காபிக் குடுவை ஆக்கிவிட்டேன்.

அந்தக் கேமராவில் பேசும் வசதியும் உண்டு. இங்கிருந்து நான் பேசினால் அங்கே சுவர் பேசும். ஒருநாள் மாலை, அஸருக்குப் பின், அம்மா கூடத்தில் அமர்ந்து எதையோ காகிதத்திலிருந்து கிள்ளித் தின்றுகொண்டிருந்தார்கள். உற்றுப் பார்த்தேன். பால்கோவா. முந்தைய வாரம் என் மகன் வாங்கிச் சென்றது. அம்மாவுக்கு நீரிழிவு, மருத்துவர் இனிப்பைக் கண்டிப்பாக விலக்கச் சொல்லியிருந்தார். நான் பொத்தானை அழுத்தி, "அம்மா! கையில என்ன அது?" என்றேன்.

அம்மா திடுக்கிட்டு மேலே பார்த்தார்கள். எழுபத்தொரு வயது முகம், திருடிய குழந்தையின் முகமாக மாறியது. காகிதத்தை மடித்துக் கீழே வைத்துவிட்டு, முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டார்கள். பிறகு தலைமுக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டார்கள். நான் கடமையைச் செய்த திருப்தியோடு அடுத்த வாடிக்கையாளருக்கு நோட்டுப் புத்தகம் எடுத்துக் கொடுத்தேன்.

அதன்பின் கூடத்தில் அம்மா எதையும் உண்டு நான் பார்க்கவில்லை. பார்க்கவில்லை என்பதையும் நான் கவனிக்கவில்லை. இதுவே கேமராவின் விசித்திரம்: இருப்பதைக் காட்டும், இல்லாமற்போனதைக் காட்டாது. முன்பெல்லாம் அஸருக்குப் பின் அண்டை வீட்டுப் பெண்கள் நாலைந்து பேர் எங்கள் கூடத்தில் வந்து உட்காருவார்கள். பீடி சுற்றியபடியே பேசுபவர் ஒருவர். வியாழன் இரவு யாசீன் ஓதச் சேர்ந்து அமர்வோர் சிலர். இந்துப் பெண்களும் வருவார்கள். மல்லிகையைக் கொட்டி வைத்துக் கட்டுவார்கள். அவர்கள் வருவது குறைந்து நின்றே போயிற்று. "ஒங்க மகன் பாத்துக்கிட்டு இருப்பாரும்மா" என்று நாசூக்காக விலகிக்கொண்டார்களாம். கோடை விடுமுறைக்கு வந்த தம்பி மனைவி, கதவடைத்த வீட்டுக்குள் வேனிற்புழுக்கத்தில் விடிந்தது முதல் அடையும் வரை முக்காடும் மேலங்கியுமாக இருந்திருக்கிறார். எங்கள் மூவரின் கைபேசியிலும், ஏன், மதுரை மச்சானின் கைபேசியிலும் அந்தக் கூடம் இருந்ததே! யாராவது ஒருவர் பார்த்துக்கொண்டால் நல்லது என்று கடவுச்சொல்லைப் பங்கு வைத்தவன் நான். பர்தாவைப் பற்றி மேடையில் மணிக்கணக்காகப் பேசும் நாம், வீட்டுக் கூடத்தை நாலு ஊருக்குத் திறந்து வைத்ததைக் குறித்து ஒரு சொல் பேசினோமா?

கேமராவின் முன் வாழ ஒப்புக்கொண்டவர்கள் உலகில் உண்டு. அமெரிக்கக் கல்லூரி மாணவி ஜெனிஃபர் ரிங்லி 1996-இல் தம் அறையிலேயே ஒன்றை வைத்து, தம் அன்றாடத்தை உலகுக்குக் காட்டினார். ஏழாண்டுக்குப் பின், 2003-ஆம் ஆண்டின் இறுதியில் நிறுத்திக்கொண்டார். 2017-இல் கமல்ஹாசன் நடத்திய பிக்பாஸ் நிகழ்ச்சி தமிழகத்தின் வீட்டுக்கு வீடு ஓடியது. அதில் புகுந்தவர்கள் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டுப் பணமும் பெற்று, வெளியேறும் வழியும் தெரிந்தே புகுந்தவர்கள். என் அம்மாவுக்கு ஒப்பந்தமும் இல்லை, வெளியேறும் வழியும் இல்லை.

வழியை அம்மா தாமாகவே கண்டுபிடித்துக்கொண்டார்கள். கேமராவுக்கு எட்டாத இடம் சமையலறையும் அதற்கு அப்பால் புறக்கடையும். சாப்பாடு அங்கே, தலை உலர்த்துவது அங்கே, வெற்றிலை அங்கே, பகல் தூக்கம்கூடச் சமையலறையின் வெறுந்தரையில். அத்தா கட்டிய அந்த அகலமான கூடத்தில் தொழுகை மட்டும் மிஞ்சியது. தொழுகையை மறைக்கத் தேவையில்லை அன்றோ!

2022 டிசம்பர் மாதத்தில் ஒருநாள். முதல் நாள் இரவு நல்ல மழை. கடையைத் திறந்து ஒன்பதரைக்குப் பார்த்தேன். கூடத்தில் ஆளில்லை, மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. விசிறி சுற்றுகிறது, ஆகவே அம்மா இருக்கிறார்கள் என்று முடிவு கட்டினேன். பத்து மணிக்குப் பார்த்தேன். விசிறி சுற்றியது. பத்தரைக்கும் சுற்றியது. பதினொன்றுக்கும்.

பதினொன்றேகாலுக்குப் பக்கத்து வீட்டு அம்மாளிடமிருந்து அழைப்பு வந்தது. கறிவேப்பிலை பறிக்க வந்திருக்கிறார். கேமராவுக்குப் பயந்து முன்வாசலை விட்டுவிட்டுப் புறக்கடைப் படலைத் திறந்துகொண்டு வருவதே அவருக்கு வழக்கமாகிப் போயிருந்தது. தண்ணீர்த் தொட்டியின் அருகே, துவைக்கும் கல்லுக்குப் பக்கத்தில், அம்மா விழுந்து கிடந்திருக்கிறார்கள். பாசி படிந்த தரை. இட்லித் தட்டு ஒருபுறம் கிடந்தது. இடுப்பெலும்பு முறிந்திருந்தது.

மதுரையில் அறுவை நடந்தது. அல்லாஹ்வின் கிருபையால் பிழைத்தார்கள். மருத்துவமனைத் தாழ்வாரத்தில் உட்கார்ந்து, அந்தக் காலையின் பதிவை எடுத்துப் பார்த்தேன். எட்டு ஐம்பத்திரண்டுக்கு அம்மா கூடத்தைக் கடந்து உள்ளே போகிறார்கள். அதன்பிறகு இரண்டு மணி நேரத்துக்கு மேல் விசிறி. ஓட்டிவிடாமல் முழுவதையும் பார்த்தேன். கூப்பிட்டுப் பார்த்ததாகவும், குரல் எழும்பவில்லை என்றும் அம்மா பின்னர் சொன்னார்கள். அதற்குள் நான்கு முறை நான் என் தாயைப் "பார்த்திருந்தேன்".

அம்மா குறைபட்டுக்கொள்ளவில்லை. நாலாம் நாள், கஞ்சி புகட்டும்போது, தாமாகவே பேச்செடுத்தார்கள். "ஒன்னையக் குத்தஞ் சொல்லலப்பா. கூடத்துல ஒக்காந்தா, யாரோ விருந்தாளி வந்து எதுக்க ஒக்காந்திருக்க மாதிரியே இருக்கு. அந்த விருந்தாளி எந்திரிச்சுப் போகவே மாட்டேங்குறாரு."

இமாம் மாலிக் அவர்களின் முவத்தாவில் ஒரு செய்தி பதிவாகியுள்ளது. தம் தாயிடம் செல்வதற்கும் அனுமதி கேட்க வேண்டுமா என்று ஒருவர் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களிடம் வினவினார். ஆம் என்றார்கள் பெருமானார். தாம் அவரோடு ஒரே வீட்டில் வசிப்பதாக அவர் சொன்னார். அப்போதும் கேட்கச் சொன்னார்கள். தாமே அவருக்குப் பணிவிடை செய்பவர் என்றார். அப்போதும் கேட்கவே சொல்லி, தாயை ஆடையற்ற நிலையில் காண விரும்புவாயா என்று திருப்பிக் கேட்டார்கள். இந்தச் செய்தியைச் சிறுவயதில் மதரஸாவிலேயே கேட்டிருக்கிறேன். கதவுக்கு உரியது என்றே கருதியிருந்தேன். மூன்று கேள்விகளும் என் சாக்குகளாகவே இருந்தன என்பது மருத்துவமனைக் கட்டிலருகே விளங்கிற்று. நான் மகன், நான் கவனித்துக்கொள்பவன், அவர் நன்மைக்காகவே பார்க்கிறேன்.

சூரத்துந் நூரில், சுப்ஹுக்கு முன், நண்பகலில் மேலாடை களைந்து ஓய்வெடுக்கும் பொழுது, இஷாவுக்குப் பின் ஆகிய மூன்று வேளைகளில் வீட்டுச் சிறுவர்கூட அனுமதி பெற்றே வரவேண்டும் என்று கற்பிக்கப்பட்டுள்ளது. அம்மூன்று வேளையிலும் விழித்திருந்த கண் எங்கள் கூடத்துக் கண். பிறர் குறைகளைத் துருவி ஆராய வேண்டாம் என்று சூரத்துல் ஹுஜுராத்தில் வரும் விலக்கலை நாம் ஊராரின் வம்புக்கே உரியதாக ஒதுக்கிவிட்டோம்.

பிறர் நம்மைத் துருவினால் நமக்கு எப்படி உறைக்கிறது! இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரில் முஸ்லிம்கள் மிகுந்து வாழும் ஸ்பார்க்புரூக், வாஷ்வுட் ஹீத் பகுதிகளில் 2010-இல் 218 கேமராக்கள் நிறுவப்பட்டன. அவற்றில் 72 மறைவானவை. சாதாரணக் குற்றங்களைத் தடுக்க என்று மக்களிடம் சொல்லப்பட்டது. பயங்கரவாதத் தடுப்பு நிதியிலிருந்து பணம் வந்தது என்பது பிறகே வெளிப்பட்டது. மக்கள் கொதித்தெழுந்தனர். கேமராக்கள் பிளாஸ்டிக் பைகளால் மூடப்பட்டன. காவல்துறை மன்னிப்புக் கேட்டது. 2011-இல் அவை அகற்றப்பட்டன. அந்தச் செய்தியைப் படித்து ஷார்ஜா அறையில் நாங்கள் ஆத்திரப்பட்டது நினைவிருக்கிறது. சொல்லப்பட்ட நோக்கம் ஒன்று, பார்க்கப்பட்டது வேறொன்று என்பதுதானே அங்கே வழக்கு? திருடனுக்காக வைத்த கேமராவில் நான் பால்கோவாவைப் பார்த்தேன்.

கேமரா கட்டாயம் இருக்கவேண்டிய இடங்கள் உண்டு. 2020 ஜூனில் சாத்தான்குளத்து வியாபாரிகளான ஜெயராஜும் அவர் மகன் பென்னிக்ஸும் காவல்துறையின் பிடியில் தாக்கப்பட்டு உயிரிழந்தார்கள். விசாரிக்கச் சென்ற நீதித்துறை நடுவர், அந்தக் காவல் நிலையத்துக் கேமராவின் பதிவுகள் அன்றன்றே அழிந்துபோகும்படி அமைக்கப்பட்டிருந்ததைக் கண்டார். அதே ஆண்டு டிசம்பரில், எல்லாக் காவல் நிலையங்களிலும் கேமரா வைக்க உச்சநீதிமன்றம் ஆணையிட்டது. அதிகாரம் அமர்ந்திருக்கும் இடத்தின் பதிவு அழிகிறது. ஒரு மூதாட்டி இட்லி தின்பது மட்டும் இருபது நாள் பத்திரமாக இருக்கிறது.

அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று ஒன்பது நீதிபதிகள் அமர்ந்த உச்சநீதிமன்ற ஆயம் 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒருமனதாகத் தீர்ப்பளித்ததை அறிவோம். ஆனால் 2023-இல் வந்த தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், ஒருவர் தம் சொந்த, குடும்பப் பயன்பாட்டுக்காகச் செய்வதைத் தன் வரம்புக்கு வெளியே விட்டுவிடுகிறது. சட்டம் வாசலோடு நின்றுகொள்கிறது. உள்ளே நாம்தான்.

அம்மா வீடு திரும்பிய அன்று, கேமராவைக் கழற்றிவிடலாமா என்று கேட்டேன். முதன்முதலாகக் கேட்டேன். அம்மா சற்று யோசித்துவிட்டு, "கழட்ட வேணாம். வாசல்ல மாட்டு. வர்றவுகள நான் பாக்குறேன்" என்றார்கள். அவ்வாறே செய்தோம். தெருவும் படியும் தெரியும்படி வைத்து, காட்சியை அம்மாவின் கைபேசியில் மட்டும் வரச் செய்தோம். மேரி அம்மையார் வைத்த இடத்துக்கே அது போய்ச் சேர்ந்தது. தம்பியும் மச்சானும் முதலில் ஒப்பவில்லை. மறுபடி விழுந்தால் என்ன செய்வது என்ற அவர்கள் கேள்வி நியாயமானதே. புறக்கடைக்குச் சொரசொரப்பான ஓடு பதித்தோம். கைப்பிடிக் கம்பி வைத்தோம். கழுத்தில் தொங்கவிட ஒரு அழைப்பு மணியும் வாங்கினோம். அதற்குமேல் அல்லாஹ் விட்ட வழி. பக்கத்து வீட்டு அம்மாள் இப்போது முன்வாசல் வழியாகவே வருகிறார். கூடத்தில் பூக்கட்டும் பேச்சும் மீண்டும் கேட்கிறது.

நான் இப்போது செவ்வாயும் வெள்ளியும் பேருந்து ஏறிவிடுகிறேன். வாசலில் நின்று ஸலாம் சொன்னால், பதில் உடனே வருவதில்லை. என்னைக் கைபேசியில் பார்த்துவிட்டு, "இருப்பா, வர்றேன்" என்று உள்ளிருந்து குரல் வரும். பிறகு கைத்தடியின் ஓசை. சில நாள் ஐந்து நிமிடம்கூட ஆகும். அந்த ஐந்து நிமிடத்தில் உள்ளே என்ன நடக்கிறது என்று எனக்குத் தெரியாது. சென்ற வெள்ளியன்று ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து நூறு கிராம் பால்கோவா வாங்கிக்கொண்டு போனேன். மருத்துவர் அறிந்தால் திட்டுவார். அம்மா பொட்டலத்தை வாங்கி, ஒன்றும் சொல்லாமல், அலமாரியில் வைத்துக் கதவைச் சாத்தினார்கள்.